மலை உச்சியில் ஒரு சுரங்க ரயில் நிலையம்! தெரியுமா?

சுரங்க ரயில் என்றதும் நம் கால்கள் தாமாகவே கீழே இறங்கத் தயாராகிவிடும். படி, அதற்குக் கீழே படி, அப்புறம் எஸ்கலேட்டர், அதற்கும் கீழே நடைமேடை. பாதாளத்துக்குப் போகிற வழிதானே அது!

ஜப்பானில் ஒரு சுரங்க ரயில் இருக்கிறது. நகரின் நடுவில் ஏறி உட்கார்ந்தால், அது பூமிக்கு அடியிலேயே மலை ஏறுகிறது. ஆம், ஏறுகிறது! பன்னிரண்டு நிமிடம் கழித்துக் கடைசி நிலையத்தில் இறங்கி வெளியே வந்தால் பக்கத்திலேயே மிருகக்காட்சிசாலை, அதை ஒட்டி ராட்டினங்கள் சுற்றும் கேளிக்கைப் பூங்கா. நிலையத்தின் பெருமை என்ன தெரியுமா? அது கடல்மட்டத்துக்கு மேல் 136.4 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அதே ஊரில் 100 மீட்டர் உயரத்தில் கண்ணோன் என்ற போதிசத்துவரின் சிலை ஒன்று உண்டு. அதைக் கடற்கரையில் கொண்டுவந்து நிறுத்தினால் தலை இந்த நிலையத்தை எட்டாது!

ஊர், தோஹோகு பகுதியின் பெருநகரமான செண்டாய். டோக்கியோவுக்கு வடக்கே சுமார் 350 கி.மீ. தூரம். நிலையத்தின் பெயர் யாகியாமா விலங்குப் பூங்கா நிலையம். யாகி என்பது அந்தக் குன்றை ஊராக்கிய வணிகக் குடும்பத்தின் பெயர், யாமா என்றால் மலை. நகரின் புறத்தே, குன்றெல்லாம் வீடுகளாகிப்போன ஒரு குடியிருப்புப் பகுதி அது. காலையில் அலுவலகம் போகிறவர்களும் கல்லூரிப் பிள்ளைகளும் ஏறி இறங்கும் சாதாரண நிலையம்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் கூட்டத்தின் உயரம் குறைந்து சத்தம் கூடிவிடும். எல்லாம் யானை பார்க்க வந்த வாண்டுகள்.

அந்த மிருகக்காட்சிசாலைக்குள் அமெரிக்க பேஸ்பால் வீரர் பேப் ரூத்துக்கு ஒரு சிலை நிற்பது தெரியுமா? மிருகங்களுக்கு நடுவே விளையாட்டு வீரருக்கு என்ன வேலை என்று கேட்கலாம். அங்கே முன்பு பேஸ்பால் மைதானம் இருந்தது. 1934 நவம்பரில் ஜப்பானுக்கு ஆட வந்த ரூத், அந்தச் சுற்றுப்பயணத்தின் முதல் ஹோம் ரன்னை அடித்தது அந்தக் குன்றின் மேல்தான்.

சரி, ரயிலுக்கு வருவோம். ரயிலுக்கும் மலைக்கும் ஆகாதே! இரும்புத் தண்டவாளத்தின் மேல் இரும்புச் சக்கரம். சரிவு கொஞ்சம் கூடினாலும் சக்கரம் வழுக்கும். ஆயிரம் மீட்டர் ஓடும்போது 35 மீட்டர் ஏறுவதையே சுரங்க ரயில்காரர்கள் செங்குத்து என்பார்கள். யாகியாமா போகும் டோசாய் தடத்தில் ஆயிரத்துக்கு 57 மீட்டர் வரை ஏற்றம் இருக்கிறது. எப்படி?

மோட்டாரை வெட்டிப் பாய்போல விரித்துவிட்டார்கள்! விளையாட்டுக்குச் சொல்லவில்லை. சாதாரண மோட்டாரில் வெளியே ஒரு வளையம், உள்ளே சுழலும் ஓர் உருளை. அந்த வளையத்தைக் குறுக்கே வெட்டி நீளவாக்கில் விரித்தால் சுழற்சி போய், முன்னே தள்ளும் விசை வந்துவிடும். இதுதான் லீனியர் மோட்டார். விரித்த ஒரு பாதி பெட்டியின் அடியில் தட்டையாகத் தொங்குகிறது. மறுபாதி, இரண்டு தண்டவாளங்களுக்கு நடுவே நீளமாகப் பதித்த உலோகத் தகடு. இரண்டுக்கும் இடையே காந்த விசை இழுத்துத் தள்ள, ரயில் ஓடுகிறது. சக்கரம் இருக்கிறது, பாரத்தைத் தாங்க. இழுக்கிற வேலை அதற்கு இல்லை. அதனால் வழுக்குமோ என்ற பயமும் இல்லை. காந்தம் என்றதும் அந்தரத்தில் மிதக்கும் அதிவேக ரயிலை நினைத்துக்கொள்ள வேண்டாம். இது மிதப்பதில்லை, சமர்த்தாகத் தண்டவாளத்தில்தான் ஓடுகிறது.

இதில் இன்னொரு லாபம். மோட்டார் தட்டையாகிவிட்டதால் சக்கரம் சின்னதாகலாம், பெட்டியின் தரை தாழலாம், பெட்டி தாழ்ந்தால் சுரங்கமும் சிறுக்கும். சுரங்கம் சிறுத்தால் தோண்டும் செலவு குறையும். புறநகருக்குச் சுரங்க ரயில் விட நினைக்கும் நகராட்சிகளுக்கு இது போதாதா? 1990-இல் ஒசாக்காவில் மலர்க் கண்காட்சியை ஒட்டித் திறந்த தடம்தான் ஜப்பானில் இந்த வகைச் சுரங்க ரயிலின் முதல் தடம். பிறகு டோக்கியோ, கோபே, ஃபுகுவோகா, யோகொஹாமா என்று பரவி, 2015 டிசம்பர் 6 அன்று செண்டாய்க்கு வந்தது. 13.9 கி.மீ. நீளம், 13 நிலையங்கள், நான்கே நான்கு பெட்டிகள்.

அந்த ரயிலின் முகத்தை உற்றுப் பார்த்தால் பிறை நிலாவின் சாயல் தெரியும். நானூறு ஆண்டுகளுக்கு முன் செண்டாய் நகரத்தை அமைத்த ஒற்றைக்கண் தளபதி டாத்தே மாசமுனேயின் தலைக்கவசத்தில் இருந்த பிறை அது! அவருடைய கோட்டை இருந்த குன்றுப்பக்கமாகத்தான் இந்த ரயிலும் ஏறிப் போகிறது.

போகிற வழியில் இன்னொரு கூத்து. யாகியாமாவுக்கும் அதற்கு முந்தைய நிலையமான அவோபயாமாவுக்கும் நடுவே ஆழமான பள்ளத்தாக்கு ஒன்று குறுக்கிடுகிறது. பெயரே 'டிராகனின் வாய்' என்று பொருள்படும் தட்சுனோகுச்சி. மலைக்குள் புதைந்து வரும் ரயில் அங்கே சட்டென்று வெளியே வந்து, பாலத்தில் பள்ளத்தைத் தாண்டி, மறுபடி அடுத்த மலைக்குள் நுழைந்துவிடும். கைப்பேசியிலிருந்து தலையை நிமிர்த்தாதவர்களுக்கு அது தெரியவே தெரியாது. கீழே இன்னும் போனால் ஹிரோசே ஆற்றையும் பாலத்தின் மேலேதான் கடக்கிறது. பாலத்தில் ஓடும் சுரங்க ரயில்!

இத்தனை பெருமையோடு யாகியாமா, 'ஜப்பானிலேயே மிக உயரத்தில் உள்ள சுரங்க ரயில் நிலையம்' என்று மார்தட்டிக்கொண்டிருந்தது. நாலரை ஆண்டுதான். 2020 ஜூன் 1 அன்று அந்தப் பட்டம் பறிபோனது. யாரும் புதிதாக நிலையம் கட்டவில்லை. ஒரு கையெழுத்தில் போனது!

நடந்தது இதுதான். கோபே நகரத்துக்கு வடக்கே ரொக்கோ மலைத்தொடர் சுவராக நிற்கிறது. மலைக்கு இந்தப் பக்கம் துறைமுக நகரம், அந்தப் பக்கம் குடியிருப்புகள். இரண்டையும் இணைக்க 1988-இல் ஒரு தனியார் ரயில் வந்தது. அதில் மொத்தம் எத்தனை நிலையங்கள் தெரியுமா? இரண்டு! ஷின்-கோபேயில் ஏறினால் மலையின் வயிற்றுக்குள் ஏழு கிலோமீட்டருக்கு மேல் ஓடி, தனிகமியில் வந்து மூச்சு விடும். நடுவில் நிற்க இடமே கிடையாது. சுரங்கம் தோண்டிய கடன் கட்டணத்தில் ஏறியது. தனிகமியிலிருந்து நகர மையமான சன்னோமியாவுக்கு 550 யென். மக்கள் முணுமுணுத்தார்கள். கடைசியில் கோபே நகராட்சி அந்தத் தடத்தை வாங்கித் தன் சுரங்க ரயிலோடு சேர்த்துக்கொண்டது. கட்டணம் அன்றே 280 யென் ஆனது. பாதிக்குப் பாதி!

அந்தக் கையெழுத்தோடு தனிகமி 'சுரங்க ரயில் நிலையம்' ஆகிவிட்டது. அதன் உயரம் 244 மீட்டர். யாகியாமாவின் 136.4 எங்கே, இது எங்கே! ஆனால் ஒரு சின்ன விஷயம். தனிகமி நிலையம் பூமிக்கு அடியில் இல்லை, வெட்டவெளியில் வெயில் காய்கிறது. வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கும் நிலையத்துக்குச் சுரங்க நிலையப் பட்டமா? என்னைக் கேட்டால், மண்ணுக்குள் இருந்துகொண்டே மலை மேலும் இருக்கிற யாகியாமாவுக்குத்தான் என் ஓட்டு.

வெயில் காயும் சுரங்க ரயில்கள் ஜப்பானில் இன்னும் உண்டு. டோக்கியோவின் ஷிபுயா நிலையத்தில் கின்ஸா சுரங்கத் தடத்தைப் பிடிக்க வேண்டுமா? மூன்றாம் மாடிக்கு ஏறுங்கள்! ஷிபுயா ஒரு பள்ளத்தில் இருக்கும் இடம். 1938-இல் தடம் அமைத்தபோது ரயில் தன் மட்டத்திலேயே நேராக வந்தது, தரைதான் கீழே இறங்கிக்கொண்டது. வடகோடியிலுள்ள சப்போரோவில் கதையே வேறு. அங்கே சுரங்க ரயில்கள் ரப்பர் டயரில் ஓடுகின்றன. 1972 குளிர்கால ஒலிம்பிக்குக்காக 1971 டிசம்பரில் அவசர அவசரமாகத் திறந்தார்கள். தெற்குப் புறநகரில் ரயில் தரைக்கு மேலே வந்துவிடுகிறது. பனி கொட்டும் ஊரில் ரப்பர் டயர் என்ன ஆகும்? அதற்காகப் பாதை முழுவதையும் அலுமினியக் கூரையால் குழாய்போல மூடிவிட்டார்கள். சுரங்கத்தைத் தூக்கி மேம்பாலத்தில் வைத்த மாதிரி!

ஆழம்தான் வேண்டும் என்பவர்களுக்கும் ஜப்பான் குறை வைக்கவில்லை. டோக்கியோவின் ரொப்பொங்கியில் ஓர் ஓயெடோ தட நடைமேடை 42 மீட்டர் ஆழத்தில் கிடக்கிறது. அதையும் தூக்கிச் சாப்பிடுகிறது குன்மா மாநில மலைகளில் இருக்கும் டோவாய் நிலையம். அது நகர ரயில் இல்லை, மலை ரயில். ஆனாலும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஒரு திசைக்கான நடைமேடை தரையில், மறு திசைக்கான நடைமேடை 1967-இல் திறந்த சுரங்கத்துக்குள். அங்கிருந்து வெளியே வர 486 படிகள். எஸ்கலேட்டர் கிடையாது, லிஃப்ட் கிடையாது. ரயிலைத் தவறவிடாமல் இருக்க எத்தனை நிமிடம் முன்னால் இறங்கத் தொடங்க வேண்டும் என்று கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

இந்த நிலத்தடி உலகம் எங்கே தொடங்கியது? ஒரு பிடி பயறில்!

ஹயகவா நொரிட்சுகு என்பவர் 1914-இல் லண்டனுக்குப் போய், அங்கே மண்ணுக்கடியில் ஓடும் ரயிலைப் பார்த்து அசந்துபோனார். டோக்கியோவிலும் இது வேண்டும் என்று திரும்பி வந்து சொன்னால், கேட்டவர்கள் சிரித்தார்கள். மண் இளகல், தண்ணீர் ஊறும், பணம் யார் தருவது? மனிதர் விடவில்லை. தெருமுனையில் நின்றுகொண்டு, எந்த வழியில் எத்தனை பேர் போகிறார்கள் என்று எண்ணினார். எண்ணியது எப்படித் தெரியுமா? பையில் கறுப்புப் பயறும் வெள்ளைப் பயறும். ஆளுக்கு ஒன்று, வண்டிக்கு ஒன்று என்று ஒரு பையிலிருந்து மறு பைக்கு மாற்றிக்கொண்டே இருந்தாராம். போக்குவரத்து ஆய்வு என்ற சொல்லெல்லாம் அங்கே புழங்காத காலம்! அந்தக் கணக்கின் விளைவாக 1927 டிசம்பர் 30 அன்று உவேனோவிலிருந்து அசகுசா வரை ஆசியாவின் முதல் சுரங்க ரயில் ஓடியது. தூரம் 2.2 கி.மீ. கட்டணம் 10 சென். ஐந்து நிமிடத்தில் முடியும் பயணத்துக்கு முதல் நாளில் மணிக்கணக்கில் வரிசையில் நின்றார்கள். புதுமைக்குக் காத்திருப்பதில் எந்த ஊர்க்காரனும் சளைத்தவன் இல்லை!

ஓடிக்கொண்டிருக்கும் ரயிலை ஒரே ராத்திரியில் பூமிக்குள் இறக்க முடியுமா? முடியும் என்று 2013 மார்ச்சில் செய்து காட்டினார்கள். டோக்கியோவையும் யோகொஹாமாவையும் இணைக்கும் டொயொக்கோ புறநகர்த் தடம் அதுவரை ஷிபுயாவில் தரைக்கு மேலே வந்து நின்றது. அதைக் கீழே இருக்கும் சுரங்கத் தடத்தோடு இணைத்தாக வேண்டும். அப்போதுதான் புறநகரில் ஏறியவர் இறங்காமல் நகரின் மறுபக்கப் புறநகர் வரை போக முடியும். லட்சக்கணக்கானவர்கள் பயணிக்கும் பாதை, ஒரு நாள்கூட நிறுத்த முடியாது. முன்கூட்டியே கீழே எல்லாவற்றையும் கட்டி வைத்துவிட்டு, மார்ச் 15 இரவின் கடைசி ரயில் போனதும் டைக்கன்யாமா நிலையத்தருகே சுமார் 1,200 பேர் இறங்கினார்கள். ஓடிக்கொண்டிருந்த தண்டவாளத்தை அப்படியே சரித்துக் கீழே சுரங்கத்தோடு பொருத்தினார்கள். விடியற்காலை முதல் ரயில் புதிய பாதையில் பூமிக்குள் போனது. இடையில் இருந்தது நான்கு மணி நேரம்! முந்தின நாள் மாலை மேலே இறங்கி வீட்டுக்குப் போனவர், மறுநாள் காலை அதே ரயிலில் பாதாளத்துக்குப் போய்ச் சேர்ந்தார்.

ஜப்பான்காரர்கள் கை வைத்தால் எல்லாம் பிசகில்லாமல் முடியும் என்று நினைத்துவிட வேண்டாம். 2016 நவம்பர் 8 விடிகாலை, ஃபுகுவோகாவின் ஹகாதா ரயில் நிலையத்துக்கு முன்னால் ஐந்து வழிச்சாலை அப்படியே உள்ளே போய்விட்டது. சுமார் 30 மீட்டர் நீளம், 27 மீட்டர் அகலம், 15 மீட்டர் ஆழம். புறநகரிலிருந்து வரும் நனக்குமா சுரங்கத் தடத்தை ஹகாதா வரை நீட்டத் தோண்டியபோது மேலிருந்த மண்ணும் நீரும் சுரங்கத்துக்குள் கொட்டிவிட்டன. அபாயம் தெரிந்ததும் தொழிலாளர்கள் வெளியே ஓடிவந்தார்கள், சாலையையும் மறித்துவிட்டார்கள். ஓர் உயிரும் போகவில்லை.

உலகம் வாய் பிளந்தது அதற்கப்புறம்தான். தண்ணீர் நிரம்பிய பள்ளத்தில், தண்ணீருக்குள்ளேயே இறுகும் சிமென்ட் கலந்த மண் குழம்பை ஊற்றி நிரப்பினார்கள். சாக்கடை, மின்கம்பி, எரிவாயுக் குழாய், தொலைபேசி எல்லாவற்றையும் திரும்ப இழுத்தார்கள். நவம்பர் 15 அன்று அதே சாலையில் கார்கள் ஓடின. ஒரே வாரம்! உலகப் பத்திரிகைகள் புகழ்ந்து தள்ளின. கதை அதோடு முடியவில்லை. அந்த மாதக் கடைசியில் அதே இடம் ஏழு சென்டிமீட்டர் தாழ்ந்து, சாலையைக் கொஞ்ச நேரம் மறுபடி மூட வேண்டியதாயிற்று. சுரங்கத் தடமோ 2020 நிதியாண்டில் திறக்க வேண்டியது, 2023 மார்ச் 27 அன்றுதான் திறந்தது. பள்ளத்தை மூட ஏழு நாள். ஒன்றரைக் கிலோமீட்டர் சுரங்கத்தை ஒழுங்காக முடிக்க அதற்குப் பிறகும் ஆறு ஆண்டு. இரண்டாவது கணக்கில்தான் எனக்கு மரியாதை அதிகம். அவசரப்படவில்லை பாருங்கள்!

மறுபடி செண்டாய்க்கு வாருங்கள். அந்த ஊர் 1976-இல் டிராம் வண்டிகளை நிறுத்திவிட்டது. 1987 ஜூலை 15 அன்று அதன் முதல் சுரங்க ரயில், வடக்கு-தெற்காக ஓடும் நம்பொக்கு தடம், திறந்தது. திறந்த அன்றே உலக விஞ்ஞானிகள் திரும்பிப் பார்த்தார்கள். ஏன்? அந்த ரயிலுக்கு 'சுமார்', 'கொஞ்சம்', 'அவ்வளவாக இல்லை' என்றெல்லாம் யோசிக்கத் தெரிந்திருந்தது!

1990-களில் நம் வீடுகளுக்கு வந்த வாஷிங் மெஷின்களில் 'ஃபஸ்ஸி லாஜிக்' என்று பெருமையாக எழுதியிருக்குமே, நினைவிருக்கிறதா? அந்த மந்திரச் சொல் பெரிய அளவில் பயன்பாட்டுக்கு வந்தது இந்த ரயிலில்தான். பாக்குவில் பிறந்து அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த லொட்ஃபி ஸாதே 1965-இல் இந்தக் கோட்பாட்டை வெளியிட்டார். கணினிக்குத் தெரிந்தது ஆம், இல்லை இரண்டுதான். மனிதன் அப்படியா யோசிக்கிறான்? 'நிலையம் கிட்ட வந்துவிட்டது, வேகம் இன்னும் கொஞ்சம் கூடுதல்தான், பிரேக்கை லேசாகப் பிடி' என்பதுதான் கைதேர்ந்த ஓட்டுநரின் மனக்கணக்கு. அந்தக் 'கொஞ்ச'த்தையும் 'லேசாக'வையும் கணினிக்குக் கற்றுக்கொடுப்பதுதான் ஃபஸ்ஸி லாஜிக். ஹிட்டாச்சி நிறுவனப் பொறியாளர்கள் அனுபவமுள்ள ஓட்டுநரின் போக்கை விதிகளாக்கி, இப்படிப் பிரேக் பிடித்தால் என்ன ஆகும் என்று முன்கூட்டியே பார்த்துத் தேர்ந்தெடுக்கும்படி ரயிலுக்குள் வைத்தார்கள். ரயில் குலுங்காமல் கிளம்பியது, குறித்த இடத்தில் வந்து நின்றது. ஓட்டுநர் ஒருவர் இருப்பார், கதவையும் நடைமேடையையும் பார்த்துக்கொள்வார். இன்று எதற்கெடுத்தாலும் செயற்கை நுண்ணறிவு என்கிறோம். 1987-இலேயே ஒரு மாகாண நகரத்தில் அலுவலகம் போகிறவர்களைக் கணினி நிதானமாக இறக்கிவிட்டுக்கொண்டிருந்தது!

ஓட்டுநர் சும்மா உட்கார்ந்திருப்பார் என்றும் நினைக்காதீர்கள். ஜப்பானிய ரயில் ஓட்டுநர் ஆளில்லாத அறையில் தனக்குத் தானே பேசிக்கொண்டு, விரலை நீட்டிக் காற்றைக் குத்திக்கொண்டிருப்பதைக் காணொளிகளில் பார்த்துச் சிரித்திருப்பீர்கள். சிக்னலை விரலால் சுட்டி, அதன் நிறத்தை வாய்விட்டுச் சொல்வது அங்கே விதி. நூறு ஆண்டுக்கு முன் கோபே பக்கம் கண் பார்வை மங்கிய நீராவி எஞ்சின் ஓட்டுநர் ஒருவர், சிக்னலைச் சரிபார்க்கத் தன் உதவியாளரிடம் கத்திக் கத்திக் கேட்டதிலிருந்து இது தொடங்கியது என்று ஒரு கதை உண்டு. கதை கிடக்கட்டும், கணக்கைப் பாருங்கள். 1994-இல் அந்நாட்டு ரயில்வே தொழில்நுட்ப ஆய்வு நிறுவனம் சோதித்தது. சும்மா செய்தபோது 100 செயலுக்கு 2.38 தவறு. விரல் நீட்டி வாய்விட்டுச் சொன்னபோது 0.38. காசு பணம் செலவில்லை, கருவி இல்லை. விரலும் வாயும் போதும்! வீட்டைப் பூட்டிவிட்டுப் பாதி வழியில் 'கேஸை அணைத்தேனா?' என்று திண்டாடுகிறவர்கள் நாளைக் காலையிலேயே தொடங்கலாம்.

நடைமேடையில் மஞ்சள் நிறத்தில் மேடு மேடாகப் பதித்திருக்கிறார்களே, அந்தக் கல்? சென்னை மெட்ரோ நிலையங்களில் நீங்கள் மிதித்துக்கொண்டு போவதும் அதுதான். அதன் பிறந்த ஊர் ஜப்பானின் ஒக்கயாமா. மியாகே செய்ச்சி என்பவர், பார்வையற்றவர்கள் காலால் படித்துக்கொள்ளட்டும் என்று 1965-இல் உருவாக்கினார். 1967 மார்ச் 18 அன்று அவ்வூர்ப் பார்வையற்றோர் பள்ளிக்கு அருகே சாலையில் முதன்முதலாகப் பதித்தார்கள். ரயில் நிலையத்துக்கு வந்தது 1970-இல், ஒசாக்காவின் புறநகர்த் தடத்தில் உள்ள அபிகோச்சோ நிலையத்தில். நீள நீளக் கோடு என்றால் 'போகலாம்'. வட்ட வட்டப் புள்ளி என்றால் 'நில், கவனி'. இவ்வளவுதான் அதன் இலக்கணம், உலகம் முழுக்கப் பரவிவிட்டது. அதன் மேல் பெட்டியையும் பைக்கையும் நிறுத்தி வைக்கிறவர்களுக்கு இந்தக் கதையை யாராவது சொல்லுங்கள்.

இனிக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டிய விஷயம். நிலநடுக்கம் வந்தால் சுரங்க ரயில் நிலையத்தில் இருப்பவர்கள் கதி என்ன?

பூமிக்கு மேலே நிற்கும் கட்டடம் தென்னை மரம்போல ஆடும். மண்ணுக்குள் புதைந்த சுரங்கம் மண்ணோடு சேர்ந்து அசையும், தனியாக ஆடாது. அதனால் சுரங்கங்களுக்குப் பெரிய ஆபத்தில்லை என்று பொறியாளர்கள் நம்பியிருந்தார்கள். 1995 ஜனவரி 17 விடிகாலை கோபேயில் அந்த நம்பிக்கை நொறுங்கியது. 1960-களில் கட்டிய டைக்காய் சுரங்க நிலையத்தின் நடுத்தூண்கள் நசுங்கி, கூரை உட்கார்ந்து, மேலே சாலை இரண்டரை மீட்டர் தாழ்ந்தது. நிலநடுக்கத்தால் இப்படி இடிந்த முதல் நவீன சுரங்க நிலையம் அதுதான். சரியாக ஓராண்டு கழித்து, 1996 ஜனவரி 17 அன்று அந்நிலையம் மறுபடி திறந்தது. நாடு முழுக்கச் சுரங்க நிலையத் தூண்களுக்கு எஃகுத் தகட்டால் கவசம் போட்டார்கள்.

பதினாறு ஆண்டுகள் கழித்து, 2011 மார்ச் 11, பிற்பகல் 2.46. இந்த முறை செண்டாய். ஜப்பானில் பதிவானவற்றிலேயே மிகப் பெரிய நிலநடுக்கம். நம்பொக்கு தடம் நின்றது. மூன்றே நாளில், மார்ச் 14 அன்று, சுரங்கத்தில் ஓடும் பெரும்பகுதியில் ரயில் மறுபடி ஓடத் தொடங்கியது. வடக்கே புறநகரில் தரைக்கு மேல் மேம்பாலத்தில் ஓடும் பகுதிதான் பலமாக அடிபட்டிருந்தது. அதைச் சரிசெய்து முழுத் தடமும் ஓட ஏப்ரல் 29 ஆனது. மண்ணுக்குள் இருந்தது தப்பித்தது, வெளியே இருந்தது உடைந்தது!

அப்போது டோசாய் தடம் பாதிக் கட்டுமானத்தில் இருந்தது. மலையில் யாகியாமா முனை, கிழக்கே கடலை நோக்கிய சமவெளியில் அராய் முனை. அராய்க்கும் அப்பால் கடலோரத்தில் அராஹாமா என்ற ஊரைச் சுனாமி துடைத்துப்போட்டது. கடலிலிருந்து 700 மீட்டர் தள்ளி நின்ற நான்கு மாடித் தொடக்கப் பள்ளியின் இரண்டாம் தளம் வரை தண்ணீர் வந்தது. மேலே ஏறியிருந்த பிள்ளைகள், ஆசிரியர்கள், ஊர்க்காரர்கள் சுமார் 320 பேர் பிழைத்தார்கள். பள்ளிக்கூடத்தை இடிக்காமல், பட்ட காயத்தோடு அப்படியே வைத்து, 2017-இல் மக்கள் பார்வைக்குத் திறந்தார்கள். அராஹாமா கரையில் இனி வீடு கட்டக்கூடாது என்று நகராட்சி விதித்துவிட்டது. வீடிழந்த குடும்பங்கள் பலவும் அராய்ப் பக்கம் வந்து குடியேறின. வயலாகக் கிடந்த இடம் இன்று புறநகர்.

அந்த அராய் நிலையமும் சுரங்க நிலையம்தான். தடத்தின் கடைசி எண், டி-13. நடைமேடையிலிருந்து மேலே வந்தால், நிலையக் கட்டடத்துக்குள்ளேயே 'செண்டாய் 3.11 நினைவு மையம்' இருக்கிறது. அலை வருவதற்கு முன் அந்தக் கடலோர ஊர்களில் மக்கள் எப்படி வாழ்ந்தார்கள், அன்று என்ன நடந்தது, பிறகு எப்படி மீண்டார்கள் என்பதை அங்கே பார்க்கலாம். வேலை முடிந்து வீடு திரும்புகிறவர்கள் தினமும் அதைக் கடந்துதான் போகிறார்கள்.

டி-01 யாகியாமா, மலை உச்சி. டி-13 அராய், அலை வந்த சமவெளியின் ஓரம். நடுவில் 26 நிமிடப் பயணம். செண்டாய்க்குப் போகிறவர்கள் யானையைப் பார்த்துவிட்டு அப்படியே திரும்பிவிடாமல் மறுமுனை வரைக்கும் போய்வாருங்கள். நினைவு மையத்துக்குக் கட்டணம் கிடையாது. அங்கிருந்து அராஹாமா பள்ளிக்குப் பேருந்து இருக்கிறது. திங்கட்கிழமை போகாதீர்கள், அன்று விடுமுறை.